காற்றைப் பிடித்து மாவு அரைத்த பிட்ஸ்டோன் ஆலை

இங்கிலாந்தின் பக்கிங்காம்ஷயர் மாவட்டத்தில், சில்டர்ன் குன்றுகளை ஒட்டி, பிட்ஸ்டோன் என்ற சிற்றூர் இருக்கிறது. ஊருக்கு வெளியே வயல் நடுவில், பலகை அடைத்த பழைய மர ஆலை ஒன்று நான்கு நீண்ட இறக்கைகளோடு நிற்கிறது. அதன் சட்டம் ஒன்றில் 1627 என்ற ஆண்டு செதுக்கப்பட்டுள்ளது. பிரிட்டனில் வேறு எந்தக் காற்றாலையிலும் இதைவிட முந்திய ஆண்டுக் குறிப்பு காணப்படவில்லை. கேம்பிரிட்ஜ்ஷயரில் உள்ள போர்ன் ஆலையும் ஏறக்குறைய இதே வயதுடையதே. அது 1636-இல் கைமாறியதற்கு எழுத்துச் சான்று உண்டு.

நீராவி எஞ்சினும் மின்சாரமும் வருமுன்னர், தக்க நீரோட்டம் இல்லாத இடங்களில் வாழ்ந்த ஆங்கில விவசாயிகள், தங்கள் கோதுமையையும் பார்லியையும் மாவாக்கிக் கொள்ள இத்தகைய ஆலைகளையே நம்பியிருந்தனர். காற்றுக்குக் காசு கொடுக்க வேண்டியதில்லை. ஆயினும் அறுத்த தானியம் மாவாகி வீடு வந்து சேருமுன் விவசாயி கொடுக்க வேண்டியிருந்தது சிறிதன்று. ஆலை எப்படி ஓடியது, அதன் பலன் யாரிடம் போய்ச் சேர்ந்தது என்ற இரண்டையும் இங்கே காணலாம்.

தூணின் மேல் சுழலும் கட்டடம்

பிட்ஸ்டோன் ஆலை ‘தூண் ஆலை’ என்னும் வகையைச் சேர்ந்தது. இங்கிலாந்தில் தோன்றிய காற்றாலைகளில் மிகப் பழைய வகை இதுவே. உள்ளிருக்கும் கற்கள், சக்கரங்கள், மூட்டைகள், ஆலைக்காரர் எல்லாவற்றோடும் கட்டடம் முழுவதும் ஒரே ஒரு தூணின் உச்சியில் அமர்ந்து திரும்பக்கூடியது என்பதே இதன் சிறப்பாகும்.

முதலில் தரையில் நான்கு செங்கல் திண்டுகள் கட்டப்படும். அவற்றின்மேல் இரண்டு பெரிய உத்தரங்களைக் கூட்டல் குறி போல ஒன்றன்மேல் ஒன்று குறுக்காகக் கிடத்துவார்கள். அவை சந்திக்கும் இடத்தின் மேலே கனத்த ஓக் மரத்தூண் செங்குத்தாக நிற்கும். உத்தரங்களின் நுனிகளிலிருந்து நான்கு சாய்வு மரங்கள் எழுந்து, தூணை நாற்புறமும் தாங்கிப் பிடிக்கும். பார்ப்பவர்கள், தூண்தான் தரையில் ஊன்றி நின்று பாரம் சுமக்கிறது என்று நினைப்பார்கள். உண்மை அதுவன்று. பாரம் சாய்வு மரங்களின் வழியாகத் திண்டுகளுக்கு இறங்கிவிடுகிறது. தூணின் அடி மண்ணைத் தொடுவதே இல்லை. மண் தொடாததால் ஈரம் ஏறாது. மரம் உளுத்துப் போகாது. ஆதியில் இந்தச் சட்டத்தை மண்ணுக்குள் புதைத்துப் பார்த்தவர்களும் உண்டு. புதைத்த மரம் மக்கிய பிறகுதான் திண்டின்மேல் தூக்கி வைக்கும் வழக்கம் நிலைத்தது.

தாங்கு சட்டத்தைச் சுற்றி வட்டமாகச் செங்கல் சுவர் எழுப்பிக் கூரை போடுவது பின்னாளில் வந்த ஏற்பாடு. மரத்துக்கு மழையிலிருந்து பாதுகாப்பும் ஆயிற்று. மூட்டை அடுக்க ஓர் அறையும் ஆயிற்று. பிட்ஸ்டோனிலும் அத்தகைய சுவர் இருக்கிறது.

தூணின் உச்சியில் குறுக்காக ஒரு பெரிய உத்தரம் படுத்திருக்கும். ஆலையின் உடல் முழுவதும் அதிலிருந்துதான் தொங்குகிறது. முன்புறம் இறக்கைகளின் பாரம், பின்புறம் ஏணி முதலியவற்றின் பாரம் என்று இரு பக்கமும் தராசு போல ஒத்திருக்க வேண்டும். ஒரு பக்கம் இழுத்தால் ஆலை தலை கவிழ்ந்து நிற்கும், திருப்பவும் முடியாது. தச்சர்கள் இதை இரும்புச் சட்டம் ஏதுமின்றி மரத்தை மரத்தோடு பொருத்தியே செய்து முடித்தனர்.

முகம் திருப்பும் வேலை

காற்று ஒரே திசையில் வீசிக் கொண்டிருப்பதில்லை. ஆலையின் முகம் காற்றை எதிர்நோக்கி இருந்தால்தான் இறக்கை ஓடும். இதற்காக ஆலையின் முதுகுப் பக்கத்திலிருந்து நீண்ட மரம் ஒன்று தரையை நோக்கிச் சாய்வாக இறங்கியிருக்கும். இதை வால்மரம் எனலாம். காற்று மாறும்போது ஆலைக்காரர் கீழே இறங்கி வந்து, தரையில் ஊன்றியிருக்கும் ஏணியை நெம்புகோலால் முதலில் தூக்க வேண்டும். பிறகு வால்மரத்தில் முதுகைக் கொடுத்து உந்தி, கட்டடம் முழுவதையும் திருப்ப வேண்டும். திருப்பி முடித்ததும் ஏணியை மறுபடி தரையில் இறக்கினால் அதுவே முட்டுக்கட்டையாகிவிடும். ஆள் பலம் போதாத இடங்களில் குதிரையைக் கட்டியும், கயிறு சுற்றும் உருளையைக் கொண்டும் இழுத்தார்கள்.

இது பகலில் மட்டும் செய்யும் வேலையன்று. நள்ளிரவில் காற்றின் ஓசை மாறினாலும் ஆலைக்காரர் படுக்கையை விட்டு எழுந்து ஓட வேண்டும். ஏனெனில் தூண் ஆலைக்கு மிகப் பெரிய ஆபத்து முதுகுப் பக்கமிருந்து அடிக்கும் காற்றே. இறக்கைகளும் அவற்றைத் தாங்கும் அச்சும் முன்னாலிருந்து வரும் அழுத்தத்தைத் தாங்குவதற்கென்றே அமைந்தவை. பின்னாலிருந்து திடீரென்று புயல் மோதினால் இறக்கைகள் எதிர்த் திசையில் சுழலத் தொடங்கும். பிரேக் சரியாகப் பிடிக்காது. அச்சு தாங்கியிலிருந்து கிளம்பிவிடும். இறக்கைகள் முறிந்து விழுவதும், சில வேளைகளில் ஆலையே குப்புற விழுவதும் நேர்ந்ததுண்டு.

இந்தத் தொல்லைக்கு 1745-ஆம் ஆண்டில் எட்மண்ட் லீ என்ற கொல்லர் ஒரு வழி கண்டு காப்புரிமை பெற்றார். ஆலையின் பின்புறம் சிறிய விசிறி ஒன்றைப் பெரிய இறக்கைகளுக்குக் குறுக்காக வைத்தார். ஆலை காற்றுக்கு நேராக நிற்கும் வரை இந்த விசிறி சும்மா இருக்கும். காற்று பக்கவாட்டில் திரும்பியதும் அது விசிறியில் பட்டுச் சுழற்றும். விசிறியோடு இணைந்த பற்சக்கரங்கள் ஆலையை மெல்ல நகர்த்தி மீண்டும் காற்றுக்கு நேரே கொண்டு வந்து நிறுத்தும். திருப்பும் வேலையையும் காற்றிடமே ஒப்படைத்துவிட்ட இந்த யோசனை மெச்சத்தக்கது. இன்று மின்சாரம் தரும் பெரிய காற்றாலைகளும் தம் முகத்தைத் தாமே திருப்பிக் கொள்கின்றன. ஆனால் அங்கே அந்த வேலையை மோட்டார் செய்கிறது. பிட்ஸ்டோனில் லீயின் விசிறி கிடையாது. கடைசி வரை வால்மரமும் மனித முதுகும்தான்.

பின்னர் வந்த கோபுர ஆலைகளில் கட்டடம் அசையாது. மேலே உள்ள மூடி மட்டும் திரும்பும்.

இறக்கையும் கித்தானும்

இறக்கை என்பது ஏணி போன்ற மரச்சட்டமே. அதன்மேல் கித்தான் துணியை விரித்துக் கட்டினால்தான் காற்றைப் பிடிக்கும். காற்று மெல்ல வீசினால் துணி முழுவதும் விரிக்கப்படும். வலுத்தால் சுருட்டிக் குறைக்கப்படும். முழு விரிப்பு முதல் வாள் நுனி அளவு வரை நான்கு நிலைகள் இருந்தன. ஒவ்வொரு முறையும் ஆலையை நிறுத்தி, ஓர் இறக்கையைத் தரைக்கு நேராகக் கொண்டுவந்து, துணியைச் சரிசெய்து, பிறகு அடுத்த இறக்கையைக் கொண்டுவர வேண்டும். மழையில் நனைந்த கித்தானையும், குளிர்காலத்தில் உறைபனி பிடித்து விறைத்த கித்தானையும் வெறுங்கையால் சுருட்டுவது எத்தகைய வேலை என்பதை ஊகித்துக் கொள்ளலாம்.

துணியின் அளவில் ஏன் இத்தனை கவனம் வேண்டும்? காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் அதன் ஆற்றல் இரண்டு மடங்காவதில்லை, எட்டு மடங்காகிறது. ஜான் ஸ்மீட்டன் என்ற ஆங்கிலப் பொறியாளர் மாதிரி இறக்கைகளை வைத்துச் சோதனை செய்து, ஏறக்குறைய இந்தக் கணக்கை 1759-இல் ராயல் சொசைட்டியின் முன் வைத்தார். ஆலைக்காரர்கள் கணக்குப் படிக்காமலே இதை அறிந்திருந்தனர். காலையில் சோம்பிக் கிடந்த ஆலை பிற்பகலில் கட்டுக்கடங்காமல் ஓடும். அப்போது பிரேக்கை அழுத்தினால், பெரிய சக்கரத்தைச் சுற்றிப் பிடிக்கும் அந்த மரப்பட்டை உராய்ந்து தீப்பொறி கிளம்பும். ஆலை முழுவதும் காய்ந்த மரம். பிரேக் பிடித்த தீயில் எரிந்து போன காற்றாலைகள் பல.

1772-இல் ஸ்காட்லாந்துக்காரரான ஆண்ட்ரூ மெய்க்கிள் துணிக்குப் பதிலாக ஜன்னல் தட்டி போன்ற சிறு கதவுகளை வில்லுடன் இணைத்தார். காற்று மிஞ்சினால் அவை தாமே திறந்து காற்றை வழிய விடும். 1807-இல் வில்லியம் கியூபிட், ஆலையை நிறுத்தாமலே எல்லாத் தட்டிகளையும் ஒரே சங்கிலியால் திறந்து மூடும் முறையைக் கொண்டு வந்தார்.

கல்லும் தானியமும்

இறக்கைகள் பொருத்திய பெரிய அச்சு ஆலையின் உச்சியில் சற்றே சாய்வாக அமைந்திருக்கும். அதன்மேல் ஆளுயரத்தையும் மிஞ்சிய பற்சக்கரம் ஒன்று உண்டு. அதன் பற்கள் மரத்தாலானவை. ஆப்பிள் மரம் போன்ற கெட்டி மரங்களில் செதுக்கியவை. ஒரு பல் உடைந்தால் அதை மட்டும் தட்டிக் கழற்றி வேறு பல் செருகிவிடலாம். இந்தப் பெரிய சக்கரம் சிறிய சக்கரத்தைச் சுழற்ற, சிறிய சக்கரம் அரவைக்கல்லைச் சுழற்றும். இறக்கைகள் நிமிடத்துக்குப் பத்துப் பதினைந்து முறை சுற்றினால் கல் அதைப்போலப் பல மடங்கு வேகத்தில் சுற்றும்.

வீட்டுத் திருகையில் உள்ளது போலவே இங்கும் கீழ்க்கல் அசையாது, மேற்கல்தான் ஓடும். ஆனால் கல்லின் குறுக்களவு நான்கு அடி, எடை ஏறக்குறைய ஒரு டன். கால்நடைத் தீவனம் அரைக்க டெர்பிஷயர் மலைக்கல் போதும். நயமான கோதுமை மாவுக்குப் பிரான்ஸிலிருந்து வந்த கல்லையே விரும்பினர். அது ஒரே பாறையாகக் கிடைப்பதில்லை. துண்டுகளைச் செதுக்கிச் சேர்த்து, சுற்றிலும் இரும்புப் பட்டை போட்டு இறுக்கிச் செய்யப்பட்டது.

மூட்டைகள் கீழிருந்து மேல் தட்டுக்குச் சங்கிலியில் ஏறும். அதையும் காற்றே இழுக்கும். மேலே தானியத்தைக் கூம்புப் பெட்டியில் கொட்டினால் அது சாய்வான மரத்தட்டின் வழியே சிறிது சிறிதாகக் கல்லின் நடுத்துளையில் விழும். கல்லோடு சுழலும் சதுர இரும்புக் கம்பி ஒன்று அந்தத் தட்டைத் தட்டிக் கொண்டே இருக்கும். கல் வேகமாக ஓடினால் தட்டும் வேகமும் கூடும். தானியமும் கூடுதலாக விழும். ஓயாமல் லொடலொடவென்று ஒலிக்கும் இந்தக் கம்பிக்கு ஆலைக்காரர்கள் ‘இளம்பெண்’ என்று பெயர் வைத்தனர். பெயர் வைத்தவர்கள் ஆண்கள் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

தானியம் தீர்ந்து கல்லோடு கல் உராய்ந்தால் பொறி பறக்கும். ஆகவே கூம்புப் பெட்டிக்குள் ஒரு தோல்வாரைக் கட்டி, அதன் மறுமுனையில் மணி ஒன்றைத் தொங்க விட்டிருந்தார்கள். தானியத்தின் பாரம் வாரை அழுத்தும் வரை மணி மேலே இருக்கும். பெட்டி காலியாகும் தறுவாயில் வார் தளர்ந்து, மணி இறங்கி, சுழலும் பகுதியில் பட்டு ஒலிக்கும். தூங்கிப் போன ஆலைக்காரரையும் அது எழுப்பிவிடும்.

கல்லின் முகத்தில் நடுவிலிருந்து விளிம்புவரை வாய்க்கால்கள் வெட்டப்பட்டிருக்கும். மேற்கல் ஓடும்போது மேலும் கீழும் உள்ள வாய்க்கால்களின் ஓரங்கள் கத்தரிக்கோல் போல ஒன்றையொன்று கடக்கும். தானியம் நசுங்குவதைவிட வெட்டுப்படுவதே அதிகம். மாவு சூடாகாமல் வெளியே வரவும் இந்த வாய்க்கால்களே வழி. இரு கற்களுக்கும் இடையே உள்ள இடைவெளி நடுவில் பழுப்புக் காகிதத்தின் கனமும் விளிம்பில் மெல்லிய காகிதத்தின் கனமும் இருக்க வேண்டும் என்பது ஆலைக்காரர்களின் கணக்கு. வழியும் மாவைப் பெருவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையே தேய்த்துப் பார்த்தே கல்லை ஏற்றுவதா இறக்குவதா என்று முடிவு செய்வார்கள்.

ஆலை ஓய்வின்றி ஓடினால் இரண்டு மூன்று வாரங்களில் கல் மழுங்கிவிடும். ஒரு டன் மேற்கல்லைத் தூக்கிப் புரட்டிப் போட்டு, உளியால் கொத்த வேண்டும். ஊர் ஊராகச் சென்று கல் கொத்துவதையே தொழிலாகக் கொண்டவர்களும் இருந்தனர். உளியிலிருந்து தெறித்த எஃகுத் தூள் அவர்கள் புறங்கைகளில் ஏறி, நீலப் புள்ளிகளாகத் தங்கிவிடும்.

காற்று யாருடையது?

இங்கிலாந்தில் காற்றாலை இருந்ததற்குரிய தெளிவான பழைய சான்றுகளில் ஒன்று 1185-ஆம் ஆண்டைச் சேர்ந்தது. யார்க்ஷயரில் வீட்லி என்ற இடத்து ஆலைக்கு ஆண்டுக்கு எட்டு ஷில்லிங் குத்தகை என்று அதில் எழுதப்பட்டுள்ளது. அதாவது காற்றாலை ஏட்டில் ஏறும்போதே குத்தகைக் கணக்கோடுதான் ஏறுகிறது.

அந்நாளில் ஆலை வைக்கும் உரிமை நிலப்பிரபுவுக்கும் மடத்துக்கும் உரியதாக இருந்தது. குடிகள் அந்த ஆலையில்தான் அரைக்க வேண்டும். 1191-இல், சஃபோக் மாவட்டத்துப் பரி செயின்ட் எட்மண்ட்ஸ் நகரில் ஹெர்பர்ட் என்ற பாதிரியார் தம் நிலத்தில் காற்றாலை ஒன்றைக் கட்டினார். செய்தி கேட்ட மடாதிபதி சாம்சன் கோபத்தில் கொதித்தார். தச்சர்களை அனுப்பி அதைப் பிரித்தெறியக் கட்டளையிட்டார். ஹெர்பர்ட் ஓடிவந்து, காற்றின் பயனை எந்த மனிதனுக்கும் மறுக்கலாகாது என்றும், தம் தானியத்தை மட்டுமே அரைத்துக் கொள்ளப் போவதாகவும் முறையிட்டார். மடாதிபதி இணங்கவில்லை. நகர மக்கள் அந்த ஆலைக்குத் திரண்டு போய்விடுவார்கள், அவர்களைத் தடுக்கத் தமக்குச் சட்டம் இல்லை என்பதே அவர் அச்சம். ஆலை விழும் வரை ரொட்டி தின்பதில்லை என்று சூளுரைத்தார். மடாதிபதியின் ஆட்கள் வந்து பார்த்தபோது இடிப்பதற்கு ஒன்றும் இல்லை. ஹெர்பர்ட் தாமே பிரித்துவிட்டிருந்தார். அந்த மடத்துத் துறவியான ஜோஸ்லின் என்பவர் எழுதி வைத்த வரலாற்றில் இந்தச் செய்தி காணப்படுகிறது.

காற்றாலை மட்டுமல்ல, வீட்டுத் திருகையும் தப்பவில்லை. பக்கிங்காம்ஷயருக்கு அண்டையில் உள்ள ஹெர்ட்ஃபோர்டுஷயர் மாவட்டத்துச் செயின்ட் ஆல்பன்ஸ் நகரில், மக்கள் தங்கள் வீட்டிலேயே திருகையில் அரைத்துக் கொண்டனர். இதனால் மடத்து ஆலையின் வருமானம் குறைந்தது. 1331-இல் மடாதிபதி ரிச்சர்டு அந்தத் திருகைகளைப் பறிமுதல் செய்து, மடத்து அறையொன்றில் தளக்கல்லாகப் பதித்துவிட்டார். வானக் கடிகாரம் செய்ததற்காக இன்றும் புகழப்படும் மேதை அவர். கொல்லர் ஒருவரின் மகன் என்பதும் குறிப்பிடத்தக்கது. ஐம்பது ஆண்டுகள் மக்கள் இதை மறக்கவில்லை. 1381-இல் இங்கிலாந்து முழுவதையும் உலுக்கிய குடியானவர் எழுச்சியின்போது, செயின்ட் ஆல்பன்ஸ் மக்கள் மடத்துக்குள் புகுந்து, தளத்தைப் பெயர்த்து, தங்கள் பாட்டன்மார் இழந்த கற்களை உடைத்துத் துண்டு துண்டாக வீட்டுக்கு எடுத்துச் சென்றனர். அவர்களுக்குத் தலைமை தாங்கிய வில்லியம் கிரிண்ட்கோப் அதே ஆண்டு தூக்கிலிடப்பட்டார்.

அரவைக் கூலி காசாக வாங்கப்படவில்லை, தானியமாகவே எடுக்கப்பட்டது. பதின்மூன்றாம் நூற்றாண்டினதாகக் கருதப்படும் ஆணை ஒன்று, நீராலைகளுக்கு இருபதில் ஒரு பங்கு அல்லது இருபத்து நான்கில் ஒரு பங்கு என்று வரையறுத்தது. அளக்கும்போது மரக்காலைக் குவித்து அளக்கக் கூடாது, தலை வழித்தே அளக்க வேண்டும் என்றும் அதில் கண்டிருக்கிறது. சட்டம் இப்படிச் சொல்ல நேர்ந்தது என்றால், குவித்து அளந்தவர்கள் எத்தனை பேர் இருந்திருக்க வேண்டும்! நடைமுறையில் பதினாறில் ஒரு பங்கு எடுப்பது பரவலாக இருந்தது. கல்லுக்குள் போன தானியத்தில் எவ்வளவு மாவாகத் திரும்பியது என்று விவசாயியால் சரிபார்க்கவும் இயலாது. ஆங்கில நாட்டுப் பழங்கதைகளில் ஆலைக்காரரைத் திருடராகவே காட்டும் வழக்கம் இதனால்தான் வளர்ந்தது. 1796-இல் பாராளுமன்றம் சட்டம் இயற்றி, ஆலைகளில் தராசு வைக்க வேண்டும், கூலியைக் காசாக வாங்க வேண்டும், கூலிப் பட்டியலை எல்லாரும் காணும்படி எழுதி வைக்க வேண்டும் என்று விதித்தது. அப்போதும் பழைய மடத்துரிமை, பிரபு உரிமை உள்ள ஆலைகளுக்கு விலக்கு அளிக்கப்பட்டது.

நின்றதும் மீண்டும் ஓடியதும்

1846-இல் இங்கிலாந்து தானிய இறக்குமதிச் சட்டங்களை நீக்கியது. 1870-களிலிருந்து அமெரிக்கக் கோதுமை மலிவாகக் கப்பல் கப்பலாக வந்து இறங்கியது. துறைமுகங்களில் நீராவியால் ஓடும் எஃகு உருளை ஆலைகள் எழுந்தன. அவை தந்த வெள்ளை மாவு நீண்ட நாள் கெடாமல் இருந்தது. வாங்குவோரும் வெண்மையை விரும்பினர். கிராமத்து ஆலைகளுக்குத் தீவனம் அரைக்கும் வேலைதான் மிஞ்சியது. ஒடிந்த இறக்கையை மாற்றும் செலவுக்குக்கூட வருமானம் கட்டவில்லை.

பிட்ஸ்டோன் ஆலை 1874-இல் பிரவுன்லோ பிரபுவின் கைக்கு வந்தது. அவர் அதை உள்ளூர் விவசாயக் குடும்பம் ஒன்றுக்கு விட்டார். அவர்கள் நல்ல முறையில் அரவைத் தொழில் நடத்தி வந்தனர். 1902-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வீசிய பெரும் புயலில் ஆலை கடுமையாகச் சேதமடைந்தது. செப்பனிட்டால் போட்ட பணம் திரும்பாது என்ற நிலையில் அப்படியே விடப்பட்டது. பலகைகள் பெயர்ந்து, வயல் நடுவே அது சிதைந்து நின்றது. 1920-களில் அக்குடும்பத்து விவசாயி அந்தச் சிதைவைப் பண்ணையிடமிருந்து விலைக்கு வாங்கினார். 1937-இல் பழம்பெரும் கட்டடங்களைக் காக்கும் நேஷனல் டிரஸ்ட் அமைப்புக்கு நன்கொடையாக அளித்தார்.

1963-இல் தொண்டர்கள் சிலர் தங்கள் சொந்தச் செலவில் பழுது பார்க்கத் தொடங்கினர். ஏழு ஆண்டுகள் வேலை நடந்தது. 1970-இல், நின்று போய் 68 ஆண்டுகள் கழித்து, பிட்ஸ்டோன் ஆலையின் கற்களுக்கிடையே மறுபடியும் தானியம் விழுந்து மாவாகி வந்தது.